தூண்டில் உரிமம்: பினாங்குக்காரர்கள் வழக்கமாகச் செய்யும் தவறுகள்

பத்து மாவுங் படகுத்துறையிலோ தெலுக் கும்பார் கரையிலோ மாலை வேளையில் தூண்டில் போட்டு நிற்பவர்களிடம் மீன்பிடி உரிமத்தைப் பற்றிக் கேட்டால், "அதெல்லாம் மீனவர்களுக்குத்தான்" என்ற பதிலே பெரும்பாலும் வரும். அந்தப் பதிலைக் குறை சொல்ல முடியாது. கரையில் நின்று ஒற்றைத் தூண்டிலைக் கடலில் வீசுபவரிடம் இங்கு யாரும் தனிநபர் உரிமம் கேட்டு வருவதில்லை. இத்தனை ஆண்டுகளில் என்னிடமும் ஒருவர்கூடக் கேட்டதில்லை. ஆனால் படகுத்துறையில் பழகிய அந்தப் பழக்கத்தை அப்படியே ஆற்றுக்கும் ஏரிக்கும் கடல் பூங்காவுக்கும், பிள்ளைகளைப் பார்க்கப் போகும் வெளிநாட்டுக்கும் கொண்டு போகும்போதுதான் சிக்கல் தொடங்குகிறது. நான் பார்த்தவரையில் உரிமம் தொடர்பாக நம்மவர்கள் செய்யும் தவறுகள் ஏறக்குறைய அனைத்தும், நிற்கின்ற தண்ணீர் யாருடைய பொறுப்பில் இருக்கிறது என்பதைக் கேட்காமல் விடுவதிலிருந்தே பிறக்கின்றன.

முதலில் நம் நாட்டு நிலவரத்தையே எடுத்துக்கொள்வோம். மலேசியாவில் கடலும் ஆறும் ஒரே கையில் இல்லை. கடல் மீன்பிடிப்பும் கழிமுக மீன்பிடிப்பும் மத்திய அரசின் அதிகாரத்துக்கு உட்பட்டவை; ஆற்று மீன்பிடிப்போ கூட்டரசு அரசமைப்பின் 9ஆவது அட்டவணையில் மாநிலப் பட்டியலில் வருகிறது. அந்தப் பட்டியலில் ஆமைகளும் ஆற்று மீன்பிடிப்பும் ஒரே வரியில் எழுதப்பட்டிருப்பது பலருக்கு வியப்பாக இருக்கும். இதனால் நடைமுறையில் என்ன நேர்கிறதென்றால், பினாங்கில் ஒரு வழக்கம், கெடாவில் ஒரு விதி, பேராக்கில் வேறொரு விதி என்று மாநில எல்லையைத் தாண்டும்போதே கேள்வியும் மாறிவிடுகிறது. "போன வருஷம் பகாங்கில் யாரும் கேட்கவில்லை" என்று சொல்லிக்கொண்டு பேராக்கில் தூண்டிலை எடுப்பது, ஒரு கடையில் வாங்கிய ரசீதை வேறொரு கடையில் காட்டுவதைப் போன்றது. போகும் மாவட்டத்தின் மீன்வள இலாகா அலுவலகத்துக்கு முன்கூட்டியே ஒரு முறை தொலைபேசியில் பேசி, எந்த ஆறு, எந்த முறை, எந்த மீன் என்ற மூன்றையும் சொல்லிக் கேட்பதே சரியான வழி. "மீன் பிடிக்கலாமா?" என்று பொதுவாகக் கேட்டால் பொதுவான பதில்தான் கிடைக்கும், தூண்டிலுக்குப் பொருந்தும் பதில் வலைக்கும் பொறிக்கும் பொருந்தாது.

இதற்கு அடுத்தபடியாக வருவது பூங்காக்களின் விஷயம். பினாங்கிலிருந்து கிரிக் வழியாகப் பூலாவ் பண்டிங் படகுத்துறைக்குப் போய், அங்கிருந்து வீட்டுப்படகு எடுத்து தோமான், செபாராவ் மீன்களைத் தேடுவது இங்குள்ள பல தூண்டில் குழுக்களின் ஆண்டுச் சடங்கு. தெமெங்கோர் ஏரி ஒரே நீர்ப்பரப்பாகத் தெரிந்தாலும், வடக்கே போகப் போக அரச பெலும் மாநிலப் பூங்கா வந்துவிடுகிறது. 2007இல் அரசிதழில் அறிவிக்கப்பட்ட அந்தப் பூங்கா பேராக் மாநிலப் பூங்காக் கழகத்தின் பொறுப்பில் உள்ளது. அதற்குள் நுழையவே முன் அனுமதி வேண்டும். படகுக்காரர் எல்லாவற்றையும் பார்த்துக்கொள்வார் என்று நம்பிப் பணத்தைக் கட்டிவிட்டு, அனுமதிச் சீட்டில் தம் பெயர் இருக்கிறதா என்று ஒருமுறைகூடப் பார்க்காமல் ஏறிவிடுகிறார்கள். குழுவில் கடைசி நேரத்தில் ஒருவர் வராமல் போய் அவருக்குப் பதிலாக வேறொருவர் ஏறுவது நம்மிடையே மிகச் சாதாரணம். அனுமதி ஒவ்வொருவர் பெயரிலும் எடுக்கப்படுவதால், அந்த மாற்று ஆள் அனுமதி இல்லாதவராகவே கணக்கில் வருவார்.

தெலுக் பஹாங்கில் உள்ள பினாங்குத் தேசியப் பூங்காவும் இப்படித்தான். 2003இல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்ட அந்த இடத்தின் கடற்கரைகளைப் பலர் சாதாரணக் கரைகளாகவே நினைக்கிறார்கள். பந்தாய் கெராச்சுட்டில் பச்சை ஆமைகள் முட்டையிட வருகின்றன. அது வனவிலங்கு இலாகாவின் பொறுப்பில் உள்ள நிலம். நுழைவாயிலில் பெயரைப் பதியும்போதே தூண்டில் கொண்டுபோகலாமா, எந்தக் கரையில் போடலாம் என்று கேட்டுவிட வேண்டும். கேட்காமல் பைக்குள் மடக்குத் தூண்டிலை வைத்துக்கொண்டு போவது சாமர்த்தியமாகாது. குடிநீர் அணைகளைப் பற்றி நீட்டிச் சொல்லத் தேவையில்லை: வேலியில் மாட்டியிருக்கும் பலகையை முதலில் படியுங்கள். சபாவுக்குப் போகிறவர்கள் மட்டும் 'தாகால்' என்ற சொல்லை நினைவில் வைத்திருக்க வேண்டும். கிராமத்தார் சேர்ந்து ஆற்றின் ஒரு பகுதியில் மீன்பிடிப்பதைத் தடைசெய்து பாதுகாக்கும் முறை அது. அந்தப் பகுதியில் கிராமத்தாரின் சம்மதம் இல்லாமல் தூண்டில் போடுவது வெறும் மரியாதைக் குறைவோடு முடிந்துவிடாது, மாநிலச் சட்டமும் அந்த முறைக்குப் பின்னால் நிற்கிறது.

இனி படகு. ஆளுக்கு உரிமம் வேண்டியதில்லை என்பதைப் படகுக்கும் உரிமம் வேண்டியதில்லை என்று எடுத்துக்கொள்வது பெரிய தவறு. 1985ஆம் ஆண்டு மீன்வளச் சட்டத்தின்படி மீன்பிடிக்கப் பயன்படும் உள்நாட்டுப் படகுக்கு உரிமம் இருக்க வேண்டும். வாடகைக்குப் படகு எடுக்கும்போது நம்மவர்கள் விலையைப் பேசுவார்கள், பனிக்கட்டி யார் பொறுப்பு என்று பேசுவார்கள், இறால் இரை உயிரோடு இருக்குமா என்று நான்கு முறை கேட்பார்கள். படகின் உரிமத்தைக் காட்டச் சொல்ல மட்டும் கூச்சப்படுவார்கள். கடல்சார் அமலாக்க நிறுவனத்தின் சுற்றுக்காவல் படகு பக்கத்தில் வந்து நிற்கும் நேரத்தில் அந்தக் கூச்சத்துக்கு விலை கொடுக்க நேரும். உரிமத்தின் நகல், படகில் எழுதியிருக்கும் பதிவு எண், எத்தனை பேரை ஏற்றலாம் என்ற வரம்பு, ஆளுக்கு ஒரு பாதுகாப்பு அங்கி என்ற நான்கையும் கரையிலேயே பார்த்துவிடுங்கள். நல்ல தெக்கோங், அதாவது படகோட்டி, இதற்குக் கோபித்துக்கொள்ள மாட்டார். கோபித்துக்கொள்பவருடைய படகில் ஏறாமல் இருப்பதே நல்லது.

படகுக்கு உரிமம் இருந்துவிட்டால் எங்கு வேண்டுமானாலும் போடலாம் என்பதும் சரியன்று. கெடா கடலில் உள்ள பூலாவ் பாயார் கடல் பூங்காவை எடுத்துக்கொள்ளுங்கள். தீவின் கரையோடு பூங்கா முடிந்துவிடுவதில்லை. தாழ்வேற்ற நீர்க்கோட்டிலிருந்து 2 கடல் மைல், அதாவது ஏறத்தாழ 3.7 கிலோமீட்டர் தூரம் வரை அதன் எல்லை நீள்கிறது. அதற்குள் மீன்வள இலாகாத் தலைமை இயக்குநரின் எழுத்துபூர்வ அனுமதி இல்லாமல் மீன்பிடிப்பது மட்டுமல்லாமல், மீன்பிடிக்க முயல்வதும் குற்றமாகவே சட்டத்தில் எழுதப்பட்டுள்ளது. "ஒன்றும் சிக்கவில்லையே" என்ற வாதம் அங்கே எடுபடாது. எல்லைக்குள் நுழையும் முன்பே தூண்டிலைச் சுருட்டிக் கட்டிவிடுவது நல்லது. ஓடும் படகின் பின்னால் செயற்கை இரையை இழுத்துக்கொண்டு அதன் வழியாகப் போவதும் மீன்பிடிக்க முயல்வதுதான்.

கருவியைப் பற்றியும் ஒரு வார்த்தை. வெடி, நஞ்சு, மின்சாரம் ஆகியவற்றைக் கொண்டு மீன்பிடிப்பது தடை என்பது அனைவருக்கும் தெரியும். தூபா வேரும் நஞ்சுதான் என்பது பலருக்குத் தெரிவதில்லை. இணையக் கடைகளில் மலிவாகக் கிடைக்கும் நீளமான மடிப்பு வலைப்பொறி, அதாவது 'பூபு நாகா', தடைசெய்யப்பட்ட கருவி. கடையில் விற்கிறார்களே என்று கேட்பவர்கள், வாங்குவதும் பயன்படுத்துவதும் வெவ்வேறு சங்கதிகள் என்பதைப் புரிந்துகொள்ள வேண்டும்.

வெளிநாட்டுக் கதை இதைவிடச் சுவையானது. பினாங்கிலும் பட்டர்வொர்த்திலும் இருந்து மெல்பர்னுக்கோ சிட்னிக்கோ போய்க் குடியேறிய பிள்ளைகளைப் பார்க்கப் போகும் பெற்றோர், பயணப்பையில் ஊறுகாய்க்கு அடுத்தபடியாகத் தூண்டில் சுருளை வைத்துக்கொள்கிறார்கள். ஆஸ்திரேலியாவில் உரிமம் நாடு முழுவதற்கும் ஒன்றல்ல. மாநிலத்துக்கு மாநிலம் மாறும். நியூ சவுத் வேல்சில் கடலானாலும் ஆறானாலும் கட்டணம் கட்ட வேண்டும்: 3 நாளுக்கு 7 டாலர், ஒரு மாதத்துக்கு 14, ஓர் ஆண்டுக்கு 35. விக்டோரியாவிலும் இரண்டுக்கும் உரிமம் வேண்டும். மேற்கு ஆஸ்திரேலியாவில் கரையில் நின்று கடலில் தூண்டில் போட உரிமம் தேவையில்லை. இயந்திரப் படகிலிருந்து போடுவதற்கும், கல் இறால் எடுப்பதற்கும் தனித்தனி உரிமங்கள் உண்டு. பெர்த்தில் இருந்துவிட்டு வந்த ஒருவரின் அனுபவத்தைக் கேட்டுக்கொண்டு சிட்னிக்குப் போகிறவர் மாட்டிக்கொள்வது இதனால்தான்.

நாங்கள் மாட்டிக்கொண்ட கதை வேறு. என் மாமாவும் நானும் மெல்பர்னில் இருக்கும் அவருடைய மகளின் வீட்டிலிருந்து மர்ரே ஆற்றங்கரையில் உள்ள எச்சுக்கா ஊருக்குப் போனோம். ஊர் விக்டோரியாவில் இருக்கிறது. கையில் விக்டோரியா உரிமம் இருக்கிறது. ஆகவே எல்லாம் சரி என்று நினைத்துத் தூண்டிலைப் போட்டுவிட்டு உட்கார்ந்திருந்தோம். அங்கு வந்த மீன்வள அதிகாரி உரிமத்தை வாங்கிப் பொறுமையாகப் படித்தார். பிறகு குனிந்து, எங்கள் காலடியில் ஈரச் சேறு முடிந்து புல் தொடங்கும் இடத்தை விரலால் காட்டி, "நீங்கள் உட்கார்ந்திருப்பது விக்டோரியா, உங்கள் தூண்டில் கிடப்பது நியூ சவுத் வேல்ஸ்" என்றார். மர்ரே ஆறு அந்தப் பகுதியில் தெற்குக் கரை வரை நியூ சவுத் வேல்சுக்கே சொந்தம். எந்தக் கரையில் நின்றாலும் அந்த மாநிலத்தின் உரிமம்தான் வேண்டும். எச்சரிக்கையோடு விட்டுவிட்டார். மாமா திரும்பும் வழி முழுவதும், நாற்பது ஆண்டுகளாகப் பிறை ஆற்றில் தம்மை யாரும் இப்படிக் கேட்டதில்லை என்று சொல்லிக்கொண்டே வந்தார்.

விண்ணப்பம் செய்யும்போது நேரும் தவறுகள் சிறியவை என்றாலும் எரிச்சல் தருபவை. நம் பெயர்களில் குடும்பப் பெயர் கிடையாது. கடப்பிதழில் 'இன்னாரின் மகன்', 'இன்னாரின் மகள்' என்பதைக் குறிக்கும் 'அ/லெ', 'அ/பெ' என்ற எழுத்துகளின் நடுவே வரும் சாய்கோட்டை இணையப் படிவங்கள் ஏற்றுக்கொள்ளாமல் போகலாம். சிலர் கோபத்தில் தந்தை பெயரையே விட்டுவிடுகிறார்கள். சிலர் தங்கள் பெயரையே இரண்டு கட்டங்களிலும் எழுதிவிடுகிறார்கள். சாய்கோட்டை மட்டும் நீக்கிவிட்டு, சொந்தப் பெயரை முதற்பெயர்க் கட்டத்திலும் தந்தை பெயரைக் குடும்பப் பெயர்க் கட்டத்திலும் எழுதினால், கடப்பிதழோடு ஒப்பிட்டுப் பார்க்கும் அதிகாரிக்குக் குழப்பம் வராது. தேடுபொறியில் முதலில் வரும் தளத்திலேயே பணம் கட்டுவது இன்னொரு தவறு. அரசுத் தளம் போலவே தோற்றம் காட்டிக் கூடுதல் கட்டணம் பிடுங்கும் இடைத்தரகர்கள் உண்டு. முகவரி அரசுடையதா என்று பார்த்த பிறகே வங்கி அட்டையை எடுக்க வேண்டும்.

விலக்கு பற்றிய தவறான நம்பிக்கை நம் ஓய்வூதியர்களிடையே அதிகம். நியூ சவுத் வேல்சில் ஓய்வூதியருக்கு விலக்கு உண்டு என்பது உண்மை, ஆனால் அது ஆஸ்திரேலிய அரசு வழங்கிய சலுகை அட்டை வைத்திருப்பவருக்கு. நம் மூத்த குடிமக்கள் அட்டையை நீட்டிப் பயனில்லை. விக்டோரியாவில் 18 வயதுக்குக் குறைந்தவர்களுக்கும் 70 வயதை எட்டியவர்களுக்கும் உரிமம் தேவையில்லை. வயதைக் காட்டக் கடப்பிதழைக் கையோடு வைத்திருக்க வேண்டும். "நான் தூண்டில் போடவில்லை, பக்கத்தில்தான் நிற்கிறேன்" என்று சொல்லும் வழக்கமும் அங்கே உதவாது. நியூ சவுத் வேல்சில் நீர்நிலைக்கு அருகே மீன்பிடிக் கருவியைக் கையில் வைத்திருந்தாலே கட்டணம் கட்டியிருக்க வேண்டும். இரை தோண்டுவதற்கும் சிப்பி பொறுக்குவதற்கும் அதே விதிதான். தாழ்வேற்றத்தில் மட்டி பொறுக்கிப் பழகிய நம் பெண்மணிகளுக்கு இதை முன்கூட்டியே சொல்லி வைப்பது நல்லது.

இங்கிலாந்துக்குப் போகிறவர்கள் தலைகீழான தவறைச் செய்கிறார்கள். அங்கு ஆற்றிலும் ஏரியிலும் தூண்டில் போட 13 வயது நிரம்பிய அனைவருக்கும் உரிமம் வேண்டும். உரிமம் வாங்கியவுடன் எந்தக் குளத்திலும் போடலாம் என்று நினைத்துவிடுகிறார்கள். உரிமம் தூண்டிலுக்குரியது, தண்ணீரின் உரிமையாளரிடமோ அதைக் குத்தகைக்கு எடுத்த சங்கத்திடமோ தனியாக அனுமதி வாங்க வேண்டும்.

கடைசியாக, உரிமம் வாங்கியவர் பிடித்ததையெல்லாம் வீட்டுக்குக் கொண்டு போகலாம் என்ற எண்ணம். ஆஸ்திரேலியாவின் மர்ரே காட் மீன் 55 முதல் 75 சென்டிமீட்டர் வரை இருந்தால்தான் வைத்துக்கொள்ளலாம். சிறியதையும் விட வேண்டும், பெரியதையும் விட வேண்டும். செப்டம்பர் 1 முதல் நவம்பர் 30 வரை ஆறுகளில் அதைப் பிடிக்கவே கூடாது. பெரிய மீனை ஆற்றில் விடச் சொல்லும் சட்டம் மாமாவுக்கு முதலில் விளங்கவே இல்லை; பெரிய தாய்மீன்தான் அதிக முட்டையிடும் என்று அதிகாரி சொன்ன பிறகு தலையாட்டினார். அன்றைக்கு அவர் கொடுத்த அளவுப் பட்டை இப்போது மாமாவின் பனிப்பெட்டி மூடியில் ஒட்டியிருக்கிறது. பத்து மாவுங்கில் அதைக் கேட்பார் யாருமில்லை. ஆனாலும் சியாகாப் சிக்கும்போதெல்லாம் அவர் மீனை அந்தப் பட்டையின்மேல் கிடத்திப் பார்க்காமல் பெட்டிக்குள் போடுவதில்லை.