"பரிசீலிக்க" என்றால் "கொடுத்துவிடு" என்று அர்த்தமில்லை

"மனுதாரரின் மனுவைத் தகுதியின் அடிப்படையில், சட்டத்துக்கு உட்பட்டுப் பரிசீலித்து, இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து 12 வாரங்களுக்குள் முடிவெடுக்க வேண்டும்." சென்னை உயர் நீதிமன்றத்திலும் மதுரைக் கிளையிலும், அதிகாரி தன் கடமையைச் செய்யவில்லை என்று போடும் ரிட் மனுக்களில் ஏகப்பட்டவை ஏறக்குறைய இந்த வாசகத்தோடுதான் முடிகின்றன. வாரக்கணக்கு மட்டும் மாறும். மறுநாளே ஊரில் "கேஸ் ஜெயிச்சாச்சு" என்று பேச்சு கிளம்பிவிடும்.

ஜெயிக்கவில்லை. வண்டிப்பாதையை ஒருவர் ஆக்கிரமித்துவிட்டார் என்று தாசில்தாரிடம் மனு கொடுத்து, பதில் வராமல் ரிட் போட்டீர்கள் என்று வையுங்கள். உண்மையிலேயே ஆக்கிரமிப்புதானா என்று நீதிமன்றம் பார்க்கவே இல்லை. மனுவை எடுத்துப் படி, விசாரி, காரணம் சொல்லி முடிவெடு என்று தாசில்தாருக்குச் சொல்லியிருக்கிறது, அவ்வளவுதான். அவர் நிராகரித்தாலும் உத்தரவை நிறைவேற்றியதாகத்தான் ஆகும். தீர்ப்பை முழுசாகப் படித்தால், மனுவின் தகுதி பற்றி நீதிமன்றம் எந்தக் கருத்தும் சொல்லவில்லை என்ற வரியும் பெரும்பாலும் கண்ணில் படும்.

சறுக்கல் இதற்கும் முன்பே தொடங்கிவிடுகிறது. கேட்டேன், செய்யவில்லை என்று காட்டினால்தான் இந்த வகை ரிட் நிற்கும். ஆக, நீங்கள் அலுவலகத்தில் கொடுத்த மனுதான் அஸ்திவாரம். நம் ஆட்கள் தெருவிளக்கு, பட்டா, பக்கத்து வீட்டுச் சுவர் எல்லாவற்றையும் ஒரே தாளில் எழுதி, முதலமைச்சர் தொடங்கிப் பத்துப் பேருக்கு அனுப்புவார்கள். நீதிமன்றம் பரிசீலிக்கச் சொல்வதும் அதே தாளைத்தான். ஒரு மனுவுக்கு ஒரு கோரிக்கை போதும். புல எண், அ-பதிவேட்டு (கிராம நிலப் பதிவேடு) நகல், புலப்பட (நில அளவை) வரைபடம், நாலு போட்டோ இருக்கட்டும். யாருக்கு அதிகாரம் என்றும் பாருங்கள். அரசுப் புறம்போக்கு என்றால் 1905ஆம் ஆண்டு நில ஆக்கிரமிப்புச் சட்டத்தின்படி வருவாய்த்துறை. பொதுப்பணித்துறைக் கட்டுப்பாட்டில் இருந்து, இப்போது நீர்வளத்துறையிடம் உள்ள ஏரி என்றால் 2007ஆம் ஆண்டு ஏரிகள் பாதுகாப்புச் சட்டம், அதிகாரியும் வேறு. திங்கட்கிழமை குறைதீர் கூட்டத்தில் தந்த ரசீதைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள்.

அப்புறம் அந்த 12 வாரம். அது தீர்ப்பு நாளிலிருந்து ஓடுவதில்லை, அலுவலகத்துக்கு நகல் கிடைத்த நாளிலிருந்து ஓடுகிறது. கோர்ட்டே அனுப்பிவிடும் என்று மூன்று மாதம் காத்திருந்துவிட்டுப் போனால், "எங்களுக்கு எதுவும் வரலையே சார்" என்பார்கள். நீதிமன்ற உத்தரவின் சான்றிட்ட நகலோடு பழைய மனுவையும் ஒரு முகப்புக் கடிதத்தையும் சேர்த்துத் தபால் பிரிவில் நேரில் கொடுங்கள். உங்கள் பிரதியில் முத்திரை, தேதி, கையொப்பம் மூன்றும் விழுந்த பிறகு நகருங்கள். வெறும் இனிஷியல் கிறுக்கலை ஏற்காதீர்கள். நாளை தேதியை நிரூபிக்க வேண்டியது நீங்கள்தான்.

விசாரணைக்கு நோட்டீஸ் வந்தால் போகாமல் இருக்கக் கூடாது. எதிர்த்தரப்புக்கும் நோட்டீஸ் அனுப்பினார்களே என்று கோபப்படவும் வேண்டாம். அவரைக் கேட்காமல் போட்ட உத்தரவை அவர் ஒரே ரிட்டில் தூக்கியடித்துவிடுவார். சொன்னதை எழுத்திலும் கொடுத்துவிட்டு வாருங்கள்.

கடைசியில் "பரிசீலித்து நிராகரிக்கப்படுகிறது" என்று ஒற்றை வரி வந்தால்? பலர் உடனே நீதிமன்ற அவமதிப்பு வழக்குக்கு ஓடுகிறார்கள். முடிவு தப்பு என்பது வேறு, கீழ்ப்படியவில்லை என்பது வேறு. தப்பான முடிவை மேல்முறையீட்டிலோ புது ரிட்டிலோதான் எதிர்க்க வேண்டும். காரணமே சொல்லாத உத்தரவு அங்கே உங்களுக்குத்தான் சாதகம். உத்தரவில் இல்லாத காரணத்தைப் பிறகு பிரமாணப் பத்திரத்தில் சேர்க்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் 1977லேயே சொல்லிவிட்டது.

பழைய விவகாரத்துக்கு இந்த வழி உயிர் கொடுக்காது என்பதையும் சொல்லிவிடுகிறேன். 1982இல் வேலை போன தமிழ்நாட்டு ஊழியர் ஒருவர் 2000இல் மனு கொடுத்து, பரிசீலிக்க உத்தரவும் வாங்கினார். உச்ச நீதிமன்றம் 2008இல் கைவிரித்தது: செத்துப்போன உரிமை, பரிசீலித்துப் பதில் போட்டதால் மீண்டும் எழாது.

கெடு முடிந்தும் பதிலே இல்லையா? அப்போதுதான் அவமதிப்பு. முதலில் வக்கீல் நோட்டீஸ் ஒன்று அனுப்பிப் பார்க்கலாம். ஆனால் 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20ஆம் பிரிவு தரும் அவகாசம் ஒரே வருடம். அதற்குள் தாசில்தார் மாற்றலாகிப் போயிருப்பார். புதிதாக வந்தவர் பெயருக்கு இன்னொரு நகல் கொடுத்து, அதிலும் முத்திரை வாங்கிவிடுங்கள்.