கேமிங் ஹெட்செட்டில் மைக் மட்டும் வேலை செய்யவில்லையா? குரல் நின்றுபோகும் இடத்தைக் கண்டறியும் முறை

குழுவாக ஆடும் விளையாட்டில் மற்றவர்கள் பேசுவது நமக்குத் தெளிவாகக் கேட்டும், நாம் பேசுவது அவர்களுக்குக் கேட்கவில்லை என்றால், மைக் பழுதாகிவிட்டது என்று முடிவு கட்டிப் புதிய ஹெட்செட் தேடத் தொடங்குபவர்கள் பலர். மைக்கின் உள்ளே இருக்கும் உறுப்பு கெட்டுப்போவதைவிட, அதற்கு வெளியே ஏதோ ஒன்று குரலைத் தடுத்து நிறுத்தியிருப்பதுதான் வழக்கம். நம் குரல் மைக்கில் நுழைந்து, குரலை அடைக்கும் மியூட் பொத்தானைக் கடந்து, வயர் வழியாக அதன் முனையில் உள்ள பின் என்னும் உலோகச் செருகிக்கு வந்து, கணினியின் ஜாக்கில் ஏறி, ஒலிக் கருவியை விண்டோஸுடன் இணைக்கும் மென்பொருளான ஆடியோ டிரைவர், விண்டோஸ், குரல் அரட்டைச் செயலியான டிஸ்கார்ட் அல்லது விளையாட்டு என ஒவ்வொரு கட்டத்தையும் தாண்டித்தான் எதிர்முனையை அடைகிறது. எந்தக் கட்டத்தில் தடை ஏற்பட்டாலும் வெளியே தெரியும் அறிகுறி ஒன்றே என்பதால், கண்ணில் பட்ட செட்டிங்குகளையெல்லாம் மாற்றிப் பார்ப்பதால் பயனில்லை. குரல் எதுவரை வந்தது என்று முதலில் பிரித்தறிய வேண்டும்.

அதற்கு மிக எளிய சோதனை, ஹெட்செட்டைக் கணினியிலிருந்து கழற்றி வேறொரு கருவியில் செருகிப் பார்ப்பது. 3.5 மி.மீ. ஒற்றைப் பின் கொண்ட ஹெட்செட் என்றால் ஆடியோ ஜாக் உள்ள கைபேசி போதும், யு.எஸ்.பி. ஹெட்செட் என்றால் இன்னொரு கணினி வேண்டும். கைபேசியில் குரல் பதிவுச் செயலியைத் திறந்து சில விநாடிகள் பேசிப் பதிவு செய்யுங்கள். இதில் ஏமாற்றம் தரக்கூடிய ஒரு சிக்கல் உண்டு: ஹெட்செட் மைக் இயங்காதபோது கைபேசி தன் சொந்த மைக்கிலேயே பதிவு செய்துகொள்ளும், நாமும் எல்லாம் சரி என்று நம்பிவிடுவோம். ஆகவே பேசுவதோடு நிறுத்தாமல், ஹெட்செட் மைக்கின் முனையை நகத்தால் மெதுவாகச் சுரண்டுங்கள். அந்தச் சுரண்டல் பதிவில் உரக்கக் கேட்டால் ஹெட்செட் மைக் உயிரோடு இருக்கிறது. சிக்கல் கணினியின் பக்கம். கேட்கவில்லை என்றால் மியூட் பொத்தான், வயர், பின் ஆகியவற்றைத்தான் ஆராய வேண்டும்.

மியூட் என்பது ஒரே இடத்தில் இருப்பதில்லை. சில ஹெட்செட்டுகளில் மைக் தண்டை மேலே தூக்கினாலே குரல் அடைபட்டுவிடும். சிலவற்றில் காதுக்குமிழின் பின்புறம் ஒரு பொத்தானும், இன்னும் சிலவற்றில் வயரின் நடுவே ஒலி அளவுச் சக்கரத்துக்குப் பக்கத்தில் ஒரு சிறிய நகர்த்தும் சுவிட்சும் இருக்கும். சட்டைப்பையில் உரசியோ மேசை விளிம்பில் பட்டோ அந்தச் சுவிட்ச் தானாக நகர்ந்துவிடுவது உண்டு. கழற்றக்கூடிய மைக் என்றால் அதைப் பிடுங்கி, சரியான திசையில் வைத்து, கடைசிவரை அழுத்திச் செருகுங்கள். பாதி நுழைந்த நிலையிலும் அது பார்வைக்குச் சரியாகவே தோன்றும். மடிக்கணினியின் மேல்வரிசை விசைகளில் மைக் படம் பொறித்த ஒன்று இருந்தால், அதில் விளக்கு எரிகிறதா என்றும் பாருங்கள். பிளேஸ்டேஷன் 5 கட்டுப்பாட்டுக் கருவியிலும் நடுவே ஒரு மியூட் பொத்தான் உண்டு. அது ஆரஞ்சு நிறத்தில் ஒளிர்ந்தால் குரல் வெளியே போகாது.

அடுத்து வருவது பின். மேசைக் கணினியில் ஹெட்செட் மைக் கேட்காத குறைகளில் மிகுதியாகக் குழப்பம் தருவது இதுவே என்பதால் சற்று விரிவாகப் பார்க்கலாம். உங்கள் ஹெட்செட்டின் பின்னை வெளிச்சத்தில் பிடித்து, அதன்மேல் உள்ள கறுப்பு அல்லது வெள்ளை வளையங்களை எண்ணுங்கள். ஒற்றைப் பின் கொண்ட ஹெட்செட்டில் இரண்டு வளையங்கள் மட்டும் இருந்தால் உலோகப் பகுதிகள் மூன்று: இடது காது, வலது காது, பொதுத் தரை இணைப்பு. அந்தப் பின்னில் மைக்குக்கு இடமே இல்லை. மூன்று வளையங்கள் இருந்தால் உலோகப் பகுதிகள் நான்கு. நான்காவது மைக்குக்கு உரியது. கைபேசிகளிலும் பெரும்பாலான புதிய மடிக்கணினிகளிலும் இருக்கும் ஒற்றை ஜாக் இந்த நான்கையும் ஏற்கும். மேசைக் கணினிகள் பலவற்றில் நிலைமை வேறு: காதுக்குப் பச்சை ஜாக், மைக்குக்கு இளஞ்சிவப்பு ஜாக் என இரண்டு தனித்தனியாக இருக்கும். நான்கு பகுதிப் பின்னைப் பச்சை ஜாக்கில் செருகினால் பெரும்பாலும் காதில் ஒலி வரும். மைக் எக்காலத்திலும் இயங்காது. கேமிங் ஹெட்செட்டுகளில் பெரும்பாலும் பயன்படும் எலெக்ட்ரெட் வகை மைக்குக்கு இயங்கச் சிறிதளவு மின்னழுத்தம் தேவை. அதை மைக் ஜாக்தான் தருகிறதே தவிர, காதுக்கான ஜாக் தருவதில்லை.

இதற்குத் தீர்வு ஒய் வடிவ ஸ்பிளிட்டர். பல ஹெட்செட்டுகளின் பெட்டியிலேயே அது வைக்கப்பட்டிருக்கும், எனவே முதலில் பெட்டியைத் தேடுங்கள். தனியாக வாங்குவதாக இருந்தால் மிகுந்த கவனம் வேண்டும், ஏனென்றால் தோற்றத்தில் ஒன்றுபோல இருக்கும் வேறு வகைகளும் கடையில் கிடைக்கின்றன. இருவர் ஒரே பாட்டைக் கேட்பதற்கான ஸ்பிளிட்டரில் இரண்டு துளைகளும் ஒரு பின்னும் இருக்கும். அது நமக்கு உதவாது. தனித்தனி மைக் பின்னையும் காதுப் பின்னையும் ஒரே கைபேசி ஜாக்கில் சேர்க்கும் வகையும் அதே வடிவில்தான் இருக்கும், அதுவும் உதவாது. நமக்கு வேண்டியது ஒரு துளையும் இரண்டு பின்களும் உடையது; அந்தப் பின்களில் ஒன்றின்மேல் மைக் படமும் மற்றதன்மேல் ஹெட்போன் படமும் பொறித்திருக்கும். வயர் நீளம் போதாமல் இடையில் நீட்டிப்பு வயர் சேர்த்திருப்பவர்கள் அதன் இரு முனைகளையும் சரிபார்க்க வேண்டும். மூன்று பகுதிகள் மட்டுமே கொண்ட நீட்டிப்பு வயர், நான்கு பகுதி ஹெட்செட்டின் மைக்கை அங்கேயே வெட்டிவிடும்.

ஜாக்குகள் சரியாக இருந்தும் குரல் வரவில்லை என்றால், கணினிப் பெட்டியின் முன்பக்க ஜாக்கை விட்டுவிட்டுப் பின்பக்கத்து இளஞ்சிவப்பு ஜாக்கில் செருகிப் பாருங்கள். முன்பக்க ஜாக்குகள் ஒரு தனி வயர் வழியாகத்தான் கணினியின் முதன்மைப் பலகையான மதர்போர்டில் இணைகின்றன; கணினியைச் சேர்த்தவர் அந்த வயரை இணைக்காமல் விட்டிருந்தால் அவை வெறும் அலங்காரமே. மடிக்கணினியில், பின்னைச் செருகியவுடன் என்ன கருவியைச் செருகினீர்கள் என்று கேட்கும் ஒரு சிறிய சாளரம் தோன்றக்கூடும். பார்க்காமலே ஹெட்போன் என்று அழுத்திவிட்டால், கணினி மைக்கைத் தேடவே தேடாது. கழற்றி மீண்டும் செருகி, இம்முறை ஹெட்செட் என்பதைத் தேர்ந்தெடுங்கள்.

இனி விண்டோஸ். முதலில் அனுமதி. 2018 ஏப்ரலில் வந்த விண்டோஸ் 10 புதுப்பிப்பிலிருந்து, மைக் பயன்பாட்டை அனுமதிக்கும் பிரைவசி செட்டிங் சாதாரண டெஸ்க்டாப் செயலிகளையும் கட்டுப்படுத்துகிறது. விண்டோஸ் 11 என்றால் செட்டிங்ஸ் திறந்து, பிரைவசி அண்ட் செக்யூரிட்டி என்ற பகுதியில் மைக்ரோபோன் பக்கத்துக்குச் செல்லுங்கள். அங்கே மொத்த அனுமதிக்கு ஒன்று, செயலிகளுக்கு ஒன்று, பட்டியலின் கீழே டெஸ்க்டாப் செயலிகளுக்கு இன்னொன்று என மூன்று நிலைகளில் சுவிட்சுகள் உள்ளன. டிஸ்கார்டும் விளையாட்டுகளும் பெரும்பாலும் கடைசிச் சுவிட்சையே சார்ந்திருக்கின்றன. கீழே உருட்டிப் பார்க்காததால் அது கண்ணில் படாமலே போகிறது.

அனுமதி சரியாக இருந்தால், சிஸ்டம் பகுதியில் சவுண்ட் பக்கத்தைத் திறந்து, இன்புட் என்ற தலைப்பின் கீழ் எந்தக் கருவி தேர்வாகியிருக்கிறது என்று பாருங்கள். வெப்கேமராவிலும் மடிக்கணினியின் திரைச் சட்டத்திலும் மைக் உண்டு. குரலை மாற்றிப் பேசவைக்கும் மென்பொருள்கள் பொய்யான மைக் ஒன்றைப் பட்டியலில் சேர்த்துவிடும். விண்டோஸ் இவற்றில் ஒன்றைக் கேட்டுக்கொண்டிருக்க, நாம் ஹெட்செட்டில் பேசிக்கொண்டிருப்போம். சரியான கருவியைத் தேர்ந்தெடுத்துப் பேசும்போது பக்கத்திலுள்ள பட்டை அசைந்தால், குரல் விண்டோஸ்வரை வந்து சேர்ந்துவிட்டது என்று பொருள். மீதி வேலை டிஸ்கார்டிலோ விளையாட்டிலோதான். இங்கும் நகத்தால் சுரண்டும் சோதனையைச் செய்து, அசைவு ஹெட்செட் மைக்கினுடையதுதான் என்று உறுதிப்படுத்திக்கொள்ளுங்கள்.

பட்டை அசையவில்லை என்றால் அதே பக்கத்தின் கீழே மோர் சவுண்ட் செட்டிங்ஸ் என்பதை அழுத்தி, ரெக்கார்டிங் என்ற தாவலுக்குச் செல்லுங்கள். வெற்றிடத்தில் வலது சொடுக்கு செய்து, முடக்கப்பட்ட கருவிகளையும் காட்டச் சொன்னால், மறைந்திருக்கும் மைக் சாம்பல் நிறத்தில் தோன்றக்கூடும்; அதை இயக்குங்கள். இங்கே இயல்புக் கருவி என்றும், தொடர்புக்கான இயல்புக் கருவி என்றும் இரண்டு தனித்தனித் தேர்வுகள் உள்ளன. குரல் அரட்டைச் செயலிகள் இரண்டாவதைப் பின்பற்றக்கூடும் என்பதால், இரண்டையும் ஹெட்செட்டுக்கே கொடுத்துவிடுவது நல்லது. மைக்கின் பண்புகளில் லெவல்ஸ் தாவலில் அளவு பூஜ்யத்தில் கிடக்கலாம். அட்வான்ஸ்டு தாவலில், ஒரு செயலி கருவியைத் தனக்கு மட்டுமே எடுத்துக்கொள்ள அனுமதிக்கும் கட்டங்களின் குறியை நீக்கிவிட்டால், ஒரு செயலி மைக்கைப் பிடித்துக்கொண்டு மற்றதை வெளியே நிறுத்துவது நடக்காது.

பட்டியலில் ஹெட்செட் மைக் தோன்றவே இல்லை என்றால் டிவைஸ் மேனேஜரில் ஆடியோ இன்புட்ஸ் அண்ட் அவுட்புட்ஸ் பகுதியைத் திறந்து, அந்தக் கருவியை நீக்கிவிட்டுக் கணினியை மறுதொடக்கம் செய்யுங்கள்; விண்டோஸ் டிரைவரைப் புதிதாக நிறுவிக்கொள்ளும். அப்படியும் சரியாகாவிட்டால் மடிக்கணினி அல்லது மதர்போர்டு தயாரிப்பாளரின் தளத்திலிருந்தே ஆடியோ டிரைவரை இறக்குங்கள். டிரைவர்களைத் தானாகப் புதுப்பித்துத் தருவதாக விளம்பரம் செய்யும் மென்பொருள்களை இதற்காக நிறுவ வேண்டாம் என்று வலியுறுத்திச் சொல்கிறேன். அவை பொருந்தாத டிரைவரைப் போட்டு, இருந்த ஒலியையும் கெடுத்துவிடக்கூடும். யு.எஸ்.பி. ஹெட்செட்டுக்குள் தனி ஒலி அட்டையே இருப்பதால், மதர்போர்டின் ஆடியோ டிரைவருக்கும் அதற்கும் தொடர்பு இல்லை. அதை யு.எஸ்.பி. ஹப்பிலிருந்து எடுத்து, கணினியின் பின்பக்கத் துளையில் நேரடியாகச் செருகிப் பாருங்கள்.

டிஸ்கார்டில் வாய்ஸ் அண்ட் வீடியோ பகுதியில் இன்புட் டிவைஸ் என்பதை இயல்பு நிலையில் விடாமல், ஹெட்செட்டின் பெயரையே தேர்ந்தெடுங்கள். அங்கேயே மைக் சோதனைப் பொத்தான் உள்ளது. பேசும்போது விசையை அழுத்தும் முறை தேர்வாகியிருந்தால், விசையை அழுத்தாதவரை ஒரு சொல்லும் போகாது. விளையாட்டு நிர்வாகி உரிமையுடன் இயங்கி, டிஸ்கார்ட் சாதாரணமாக இயங்கினால், விளையாட்டு திரையில் இருக்கும்வரை அந்த விசை அழுத்தம் டிஸ்கார்டை எட்டாது. விளையாட்டுக்கு வெளியே பேச முடிகிறது, உள்ளே போனதும் முடியவில்லை என்று சொல்பவர்கள் டிஸ்கார்டையும் நிர்வாகி உரிமையுடன் திறந்து பார்க்க வேண்டும். குரலின் முதல் எழுத்துகள் வெட்டுப்பட்டால், எவ்வளவு உரத்த ஒலியிலிருந்து குரலை அனுப்புவது என்று தீர்மானிக்கும் உணர்திறன் எல்லையைக் குறையுங்கள். எதை மாற்றினோம் என்றே தெரியாத நிலை வந்தால், குரல் செட்டிங்குகளை மட்டும் ஆரம்ப நிலைக்குக் கொண்டுவரும் பொத்தான் அந்தப் பக்கத்திலேயே இருக்கிறது. விளையாட்டின் ஆடியோ பகுதியிலும் குரல் அரட்டைக்கெனத் தனி மைக் தேர்வு இருக்கலாம்.

புளூடூத் ஹெட்செட் வைத்திருப்பவர்கள் வேறொரு குறையையும் சந்திப்பார்கள்: மைக் இயங்கத் தொடங்கியதும் விளையாட்டின் ஒலி பழைய தொலைபேசியில் வருவதுபோல் சுருங்கிவிடும். வழக்கமான புளூடூத் உயர்தர ஸ்டீரியோவையும் மைக்கையும் ஒரே நேரத்தில் சுமக்காது. மைக்கைத் திறந்ததும் தொலைபேசி அழைப்புக்கான முறைக்கு மாறிவிடும். இது பழுது அன்று. யு.எஸ்.பி. துளையில் செருகும் சிறு வயர்லெஸ் கருவியான 2.4 கிகாஹெர்ட்ஸ் டாங்கிளுடன் வரும் ஹெட்செட்டில் குரல் விட்டுவிட்டுக் கேட்டால், டாங்கிளை யு.எஸ்.பி. 3.0 துளைக்கு அருகிலிருந்து விலக்கி, சிறிய நீட்டிப்பு வயரில் மேசைமேல் வையுங்கள். யு.எஸ்.பி. 3.0 இணைப்புகள் அதே அலைவரிசையில் இரைச்சலை உமிழ்வதை 2012ஆம் ஆண்டிலேயே இன்டெல் நிறுவனம் ஆவணப்படுத்தியிருக்கிறது.

இத்தனையும் சரியாக இருந்து, கைபேசிச் சோதனையிலும் சுரண்டல் கேட்கவில்லை என்றால் வயரைப் பாருங்கள். பதிவை ஓடவிட்டு, பின்னுக்கு அருகிலும் காதுக்குமிழுக்குள் வயர் நுழையும் இடத்திலும் மெதுவாக வளைத்தபடி பேசுங்கள். ஏதோ ஒரு வளைவில் குரல் திடீரென்று வந்து போனால், அங்கே உள்ளே இழை அறுந்திருக்கிறது. கழற்றக்கூடிய வயர் என்றால் அதை மட்டும் மாற்றினால் போதும். உத்தரவாதக் காலம் முடியவில்லை என்றால் எதையும் வெட்டாமல், திறக்காமல் சேவை மையத்துக்குக் கொண்டுசெல்லுங்கள். காலம் முடிந்திருந்தால் புதிய பின் வைத்துப் பற்றவைக்கலாம்; ஆனால் இந்த வயர்களின் மெல்லிய செம்பு இழைகள்மேல் வண்ண எனாமல் பூச்சு இருப்பதால், அதை ஈயத்தின் சூட்டில் எரித்து நீக்கிய பிறகே இணைப்பு பிடிக்கும். பற்றவைத்துப் பழகாதவர்கள் கைபேசி பழுதுபார்ப்பவரிடம் கொடுப்பது நல்லது. மைக்கே செயலிழந்துவிட்டது என்று உறுதியானாலும் ஹெட்செட்டைத் தூக்கிப் போட வேண்டியதில்லை. காதில் ஒலி நன்றாக இருக்கும்வரை அதை ஹெட்போனாக வைத்துக்கொண்டு, சட்டையில் மாட்டும் சிறிய மைக் ஒன்றையோ யு.எஸ்.பி. மைக் ஒன்றையோ தனியாகச் சேர்த்து, இன்புட் பகுதியில் அதைத் தேர்ந்தெடுத்துக்கொள்ளலாம்.