லாக்ஸ்டனில் வீடு எடுப்பவர்களுக்கு

இங்கிலாந்தின் நாட்டிங்காம்ஷயரில் ஆலர்டன், டக்ஸ்ஃபர்ட் பக்கம் வேலை கிடைத்து லாக்ஸ்டன் கிராமத்தில் வாடகைக்கு வீடு பார்க்கிறீர்களா? முதலில் அதன் வயல்களைத் தெரிந்துகொள்ளுங்கள். அங்கே எதற்கும் காரணம் வயலில்தான் இருக்கிறது.

மற்ற ஊர்களில் 18, 19-ஆம் நூற்றாண்டுகளில் பொது வயல்களைப் பிரித்து வேலி அடைத்துவிட்டார்கள். லாக்ஸ்டனில் மேற்கு வயல், தெற்கு வயல், மில் வயல் மூன்றும் இன்றும் திறந்தவெளியாகவே கிடக்கின்றன. ஒவ்வொரு விவசாயிக்கும் மூன்றிலும் பட்டை பட்டையாக நிலம். மார்க் பியர்ஸ் 1635-இல் வரைந்த வரைபடத்தில் இந்தப் பட்டைகளைத் தனித்தனியாகப் பார்க்கலாம். இன்று அவை குறைவு, ஆனால் அகலம் அதிகம்.

நிலம் சிதறிக் கிடப்பதால் பண்ணை வீடுகள் ஊர்த் தெருவிலேயே இருக்கின்றன. அறுவடைக் காலத்தில் டிராக்டர்கள் உங்கள் வாசலைக் கடந்துதான் போகும், ராத்திரியிலும். சாலையில் சேறு படியும். பண்ணை கேட்டை மறித்துக் காரை நிறுத்தவே கூடாது.

நவம்பர் கடைசி வாக்கில் ஜூரி, அதாவது வயல்களைச் சரிபார்க்கும் ஊர்க் குழு, வயலுக்கு இறங்குவதை அவசியம் பாருங்கள். அந்த ஆண்டு கோதுமை விதைத்த வயலில் எல்லைக் குச்சிகளைச் சரிபார்த்து, புதுக் குச்சி அடிப்பார்கள். பொதுப் பாதையிலோ புல் விட்ட ஓரத்திலோ ஏர் ஏறியிருந்தால் அபராதம் உண்டு. அடுத்த வாரம் டவ்கோட் மதுக்கடையில் கூடும் கோர்ட் லீட் என்ற பழைய ஊர் நீதிமன்றம் அதை உறுதி செய்யும். வரப்புத் தகராறை ஊரே தீர்த்துக்கொள்ளும் இந்த ஏற்பாடு இன்னும் உயிரோடு இருப்பது பெரிய விஷயம்.

வயலில் நடக்கத் தயங்க வேண்டாம். மஞ்சள் அம்புக்குறி இருந்தால் அது பொது நடைபாதை. பயிருக்கு நடுவே போனாலும் உங்களுக்கு உரிமை உண்டு. பாதையை விட்டு இறங்காதீர்கள்.

வாடகை ஒப்பந்தத்துக்கு முன்பே இரண்டு கேள்வி கேளுங்கள்: ஹீட்டிங் எதில் ஓடுகிறது, கழிவுநீர் எங்கே போகிறது? இப்படிப்பட்ட ஊர்களில் பல வீடுகளுக்குக் குழாய் கேஸ் கிடையாது. தோட்டத்துத் தொட்டியில் மண்ணெண்ணெய் நிரப்ப வேண்டும். பெரும்பாலும் குறைந்தது 500 லிட்டர் வாங்கச் சொல்வார்கள். மின்சாரம், குழாய் கேஸுக்கு உள்ள விலை உச்சவரம்பும் இதற்குப் பொருந்தாது. கால் தொட்டி இருக்கும்போதே ஆர்டர் கொடுங்கள். முழுவதும் காலியானால் குழாயில் காற்றும் அடிவண்டலும் புகுந்து, எண்ணெய் ஊற்றிய பிறகும் பாய்லர் எரியாது. டெக்னீஷியனைக் கூப்பிட்டுக் காற்றை எடுக்க வேண்டியிருக்கும்.

செப்டிக் டேங்க் என்றால் வடை சுட்ட எண்ணெயைச் சிங்க்கில் ஊற்றாதீர்கள். குளிரில் உறைந்து குழாயை அடைக்கும், கழிவைச் செரிக்கும் பாக்டீரியாவின் வேலையும் கெடும். ஆறவைத்துப் பழைய டப்பாவில் மூடிப் போடுங்கள். ஈரத் துடைப்பான்களும் கழிப்பறையில் வேண்டாம்.

நியூவார்க் அண்ட் ஷெர்வுட் மாவட்டக் கவுன்சிலில் கவுன்சில் வரிக்குப் பதியும்போதே வாக்காளர் பட்டியலிலும் சேருங்கள். இந்திய, இலங்கைக் குடிமக்கள் காமன்வெல்த் கணக்கில் வருவதால், செல்லுபடியாகும் விசா இருந்தால் பாரிஷ் கவுன்சில் (நம்மூர் ஊராட்சி மாதிரி) முதல் நாடாளுமன்றம் வரை வாக்களிக்கலாம்.