ஜுவல் ஓர்கிட்: வன்னி வெயிலில் நாம் விடும் பிழைகள்

ஜுவல் ஓர்கிட் என்பது இலையின் அழகுக்காக வளர்க்கும் ஓர்கிட். கிளிநொச்சிக்கு நான் முதலில் கொண்டுவந்தது ஐந்தாம் கிழமையே அழுகியது. லுடீசியா டிஸ்கலர் என்ற இனம். கறுப்புக்குக் கிட்டிய கருஞ்சிவப்பு இலை, அதில் நீளவாக்கில் செம்பு நிறக் கோடுகள், தொட்டால் வெல்வெட் துணி. சித்திரை வெயிலில் இலை சோர்ந்தது. எட்டிப் பார்த்த பக்கத்து வீட்டு மாமி, "பிள்ளை, கண்டு விடாய்ச்சுப்போய் நிக்குது, தண்ணி விடு" என்றார். காலையும் பின்னேரமும் விட்டேன். ஒருநாள் சரிந்த தண்டை நிமிர்த்தலாமென்று பிடித்தேன். அடிப்பகுதி கனிந்துபோன வாழைப்பழம் போல நசிந்து கையோடு வந்தது.

மாமியைச் சொல்லிக் குற்றமில்லை. இலை சோர்ந்தால் தண்ணீர் என்பது கத்தரிக்கும் மிளகாய்க்கும் சரியான கணக்கு. ஆனால் லுடீசியா தெற்குச் சீனாவிலிருந்து இந்தோனேசியா வரையுள்ள காடுகளில், பெரிய மரங்களின் கீழே, உக்கிய சருகுக்குள் படர்ந்து வாழ்வது. அங்கே காற்றில் எப்போதும் ஈரம் இருக்கும். சருகு பொலபொலவென்று கிடப்பதால் தண்ணீர் தேங்காது. வன்னியில் நாம் அதைத் தலைகீழாக்கி விடுகிறோம். காற்று காய்ந்து கிடக்க, சாடியைச் சேறாக்குகிறோம். விடாய்ப்பது இலை, தண்ணீர் குடிப்பது வேர்.

சோளகம் வீசும் மாதங்களில் இது இன்னும் மோசம். அந்தக் காற்றில் உடுப்பு ஒரு மணித்தியாலத்தில் காய்ந்துவிடும், இலை எம்மாத்திரம்? காற்று நேரே அடிக்காத மூலைக்குக் கன்றை மாற்றுங்கள். பழைய மீன்தொட்டி இருந்தால் விசேஷம். அடியில் கூழாங்கல் பரப்பி, ஒரு விரல் உயரத்துக்குத் தண்ணீர் விட்டு, கல்லின் மேலே சாடியை வையுங்கள். சாடியின் அடி தண்ணீரில் முட்டக்கூடாது. மேலே கண்ணாடியால் முக்கால் பங்கு மூடினால் போதும், முழுக்க மூடினால் பூஞ்சணம் பிடிக்கும். அந்தத் தொட்டியை வெயில் படும் யன்னலில் வைத்தால் அவியல்தான். தகரக் கூரைக்கு நேர் கீழேயும் வேண்டாம். இலையில் தண்ணீர் விசிறுவது பலருக்குப் பிடித்த வேலை. செய்வதென்றால் காலையில் செய்யுங்கள். இரவில் இலையில் தண்ணீர் நின்றால் புள்ளி விழும்.

அடுத்தது, டென்ட்ரோபியம் வளர்த்துக் கை பழகியவர்கள் விடும் பிழை. ஓர்கிட் என்றதும் கரியும் ஓட்டுத்துண்டும் போட்ட கூடையில் தொங்கவிடுகிறார்கள். அது மரத்தில் ஒட்டி வளரும் சாதிக்கு. இது நிலத்துச் சாதி, அந்தக் கூடையில் இரண்டு நாளில் வற்றிவிடும். மறுபக்கம் வளவுச் செம்மண்ணில் மாட்டெரு கலந்து நடுபவர்களும் உண்டு. அந்த மண் இறுகி வேரை மூச்சுமுட்ட வைக்கும். நான் இரண்டு பங்கு தும்புத்தூள், ஒரு பங்கு உடைத்த சிரட்டைக்கரி, ஒரு பங்கு நன்றாக உக்கிய சருகு கலக்கிறேன். தும்புத்தூளில் உப்பு இருக்கும், இரண்டு மூன்று தரம் ஊறவைத்துப் பிழிந்துவிட்டுப் பாவியுங்கள்.

பாத்திரத்துக்கு அலைய வேண்டாம். இந்தக் கன்றின் தண்டு ஆழத்துக்குப் போகாது, பக்கவாட்டில் ஊரும். அகன்று ஆழமில்லாத தயிர்ச்சட்டி இதற்கென்றே செய்தது போல இருக்கும். இரவு முழுவதும் தண்ணீரில் ஊறவைத்து, அடுத்த நாள் அடியில் மூன்று ஓட்டை போடுங்கள். ஊறாத சட்டி வெடித்துவிடும். எனக்கு இரண்டு வெடித்தது.

எப்போது தண்ணீர் விடுவது? சுட்டுவிரலை முதல் மடிப்பு வரை விட்டுப் பாருங்கள். குளிர்ச்சி தெரிந்தால் விடவேண்டாம். கிழமைக்கு இத்தனை தரம் என்ற கணக்கு மாரியில் ஒன்று, கோடையில் ஒன்று. கிணற்றுத் தண்ணீரையும் கவனியுங்கள். கேத்தலின் அடியில் படியும் அந்த வெள்ளைச் சுண்ணாம்பு சாடியிலும் படியும், இலை நுனி கருகும். மாரியில் மழைத்தண்ணீர் பிடித்து மூடி வைப்பதுதான் என் வழி. அது முடிந்தால் குடிக்க வாங்கும் ஆர்.ஓ. தண்ணீரில் ஒரு கோப்பை.

நிழல் விரும்பி என்று கேட்டு இருட்டறைக்குள் வைத்தால் தண்டு நீண்டு மெலியும். நேர்வெயிலில் இலை வெளிறும். விளக்குப் போடாமல் பத்திரிகை வாசிக்கக்கூடிய இடம் சரியான இடம். இரவில் கைபேசி வெளிச்சத்தைச் சரிவாக இலையில் பிடித்துப் பாருங்கள், சீனி தூவியது போல மினுங்கும். பூவுக்காக உரத்தைக் கொட்டாதீர்கள். தை மாசிக்குச் சின்ன வெள்ளைப் பூ வரும், அழகுதான், ஆனால் இதை வளர்ப்பது இலைக்காக. உரம் போடுவதென்றால் பொதியில் சொன்னதில் கால்பங்கு.

மாரியில் நத்தை வரும். ஒரே இரவில் நாலு இலை போகும். பின்னேரத்தில் தேடிப் பொறுக்குவதைத் தவிர எனக்கு வேறு வழி தெரியவில்லை.

பச்சையில் பொன் மின்னல் ஓடும் மக்கோடிஸ் பெட்டோலா என்ற இன்னொரு ஜுவல் ஓர்கிட்டின் படத்தைப் பார்த்து முதலிலேயே அதை வாங்காதீர்கள். லுடீசியா ஒரு கோடையைத் தாண்டட்டும். அப்புறம், காட்டில் எடுத்தது என்று யாராவது வனராஜாவைத் தந்தால் வேண்டாம் என்று சொல்லுங்கள். நம் நாட்டின் ஈரவலயக் காடுகளில் வாழும் ஜுவல் ஓர்கிட் அது, சட்டத்தால் பாதுகாக்கப்பட்டது. நம் வெக்கையில் தப்பவும் தப்பாது.

அழுகிய என் முதல் கன்றைக் குப்பையில் போட இருந்தேன். நுனியில் மூன்று கணு மட்டும் கல்லுப்போல இருந்தது. சுத்தமான கத்தியால் வெட்டி, வெட்டுவாயை ஒருநாள் காயவிட்டு, ஈரத் தும்புத்தூளின் மேல் படுக்க வைத்தேன். ஒன்றரை மாதத்தில் கணுவிலிருந்து வேர் விட்டது. இன்று நாலு தயிர்ச்சட்டி. ஒன்று மாமிக்கு. அவர் குசினியில் மண்குடத்துக்குப் பக்கத்தில் வைத்திருக்கிறார், விசிறுவதுமில்லை, மூடுவதுமில்லை. என்னுடையதை விட அவருடையதில் இலை பெரிது.