கிர்க்கேயைப் பற்றி எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

கிரேக்கக் காவியமான ‘ஒடிசி’யில், கப்பலில் ஊர் திரும்பும் வீரன் ஒடிசியஸின் மாலுமிகளைப் பன்றிகளாக்கியவள் கிர்க்கே. அதைப் பாடிய ஹோமர் சொன்னது, ரோமானியக் கவி ஓவிட் சேர்த்தது, இக்கால நாவல் கற்பனை செய்தது மூன்றையும் ஒரே பானையில் போட்டுக் கிண்டுவதில்தான் கிர்க்கே பற்றிய பெரும்பாலான பிழைகள் பிறக்கின்றன. ‘ஒடிசி’யின் 10-ஆம் காண்டத்தையும் 12-ஆம் காண்டத்தின் முற்பகுதியையும் படித்துவிட்டு எழுத உட்கார்ந்தால் பாதி குறைந்துவிடும்.

‘சூனியக்காரி’ என்ற சொல்லிலேயே சிக்கல் தொடங்குகிறது. ஹோமருக்கு அவள் தெய்வம். சூரியனான ஹீலியோஸின் மகள். கொல்கிஸ் மன்னன் அயீட்டஸ் அவளுடைய உடன்பிறந்தவன். ஆகவே அவன் மகள் மெடியாவுக்கு அவள் அத்தை. அக்காவோ தோழியோ அல்ல. அவளுடைய ஆற்றல் ‘ஃபார்மகான்’. கிரேக்கத்தில் மருந்து, நஞ்சு, வசியக் கலவை எல்லாவற்றுக்கும் அந்த ஒரே சொல்தான். பில்லி, ஏவலைவிட நம் ‘இடுமருந்து’ இதற்கு மிக நெருக்கம். சோற்றில் கலந்து கொடுப்பது உட்பட.

அந்தக் கலவையை வெறும் ‘மது’ என்று எழுதிவிடுகிறார்கள். பாலாடைக்கட்டி, பார்லி மாவு, தேன், பிராம்னிய மது ஆகியவற்றோடு மருந்தைச் சேர்க்கிறாள். மருந்தின் வேலை, வந்தவர்கள் தாய்நாட்டை மறப்பது. கோலால் தட்டியபின்தான் பன்றி உருவம் வருகிறது. தலை, குரல், மயிர், உடல் எல்லாம் பன்றியுடையவை. அறிவு மட்டும் முன்போலவே இருக்கிறது. கொட்டிலில் அழுவது மனித மனம். இதை விட்டுவிட்டால் அந்தக் காட்சியின் கொடூரமே போய்விடும். மாறியவர்கள் எல்லா மாலுமிகளும் அல்லர். ஒடிசியஸின் துணைவன் யூரிலோகஸுடன் போன 22 பேர். சந்தேகப்பட்டு வெளியே நின்ற அவன் தப்பினான்.

அந்த மருந்து பலிக்காமலிருக்கத் தூதுத் தெய்வம் ஹெர்மிஸ் ஒடிசியஸுக்குத் தந்த மோலிச் செடிக்குக் கரிய வேர், பால் வெள்ளைப் பூ. ஒடிசியஸ் அதைத் தின்றான், அரைத்துக் குடித்தான் என்றெல்லாம் படிக்கக் கிடைக்கிறது. எப்படிப் பயன்படுத்தினான் என்று ஹோமர் சொல்லவே இல்லை.

அவனைக் கிர்க்கே சிறை வைத்தாள் என்பது இன்னொரு பிழை. 7 ஆண்டுகள் பிடித்துவைத்தவள் வேறொரு தீவின் தேவதை கலிப்சோ. கிர்க்கேயின் அயாயா தீவில் அவன் விருந்தும் மதுவுமாகச் சுகமாக இருந்தது ஓராண்டு. ஊர் நினைவை மூட்டியவர்கள் கூட வந்த மாலுமிகள். போகிறேன் என்றதும் அவள் தடுக்கவில்லை. இறந்தோர் உலகமான ஹேடிஸுக்குப் போகும் வழியைச் சொன்னாள். பாட்டால் மயக்கிக் கொல்லும் சைரன்களைக் கடக்க மாலுமிகளின் காதில் மெழுகு, அவனைப் பாய்மரத்தில் கட்ட வேண்டும் என்ற புகழ்பெற்ற யோசனையும் அவளுடையதுதான். அதை ஒடிசியஸின் சாமர்த்தியக் கணக்கில் எழுதுவது அநியாயம்.

ஸ்கில்லா என்ற பெண்ணைக் கடல் அரக்கியாக்கியவள் கிர்க்கே என்ற கதை ஹோமரில் கிடையாது. அது ஓவிடின் ‘உருமாற்றங்கள்’ 14-ஆம் காண்டம். கிர்க்கேயின் மகன் டெலிகோனஸ் அறியாமல் தந்தை ஒடிசியஸைக் கொல்வது தொலைந்துபோன ‘டெலிகோனி’ காவியத்தின் செய்தி. நமக்கு மிஞ்சியது சுருக்கம்தான்.

மேடலின் மில்லரின் 2018 நாவலை மூலநூலாக மேற்கோள் காட்டுவதுதான் இப்போது அதிகம். மாலுமிகளைப் பன்றியாக்க ஹோமர் காரணமே தரவில்லை. கப்பல் தலைவன் ஒருவனின் வன்புணர்வை அதற்குக் காரணமாக வைத்தது மில்லர். நல்ல கற்பனை, ஆனால் அவருடைய கற்பனை. கிர்க்கேயைத் தன் வாயால் பேசவைத்ததில் முதல்வர் அவர் என்பதும் தவறு. மார்கரெட் அட்வுட்டின் கவிதை வரிசை 1974-லேயே வந்துவிட்டது.

தீவு எங்கே? இத்தாலியின் சிர்சியோ மலை என்று உறுதியாக எழுதாதீர்கள். அது பிற்கால மரபு. ஹோமரின் அயாயாவோ விடியலின் வீடு இருக்கும் இடம், சூரியன் எழும் திசை.

படம் போடும்போதும் கவனம் தேவை. ஆங்கில ஓவியர் வாட்டர்ஹவுஸ் 1891-இல் தீட்டியதில் அவள் ஒடிசியஸுக்குக் கோப்பை நீட்டுகிறாள். 1892-இல் வந்த ஓவியத்தில் பச்சை நஞ்சை நீரில் ஊற்றுகிறாள். அது ஸ்கில்லா கதை. பன்றிக் கதைக்கு மேலே அந்தப் பச்சை ஓவியத்தைத்தான் பலர் ஒட்டுகிறார்கள்.