அரபுக் குலப்பெயரை வாலிலிருந்து படிப்பது எப்படி?

வளைகுடாவில் வேலை பார்த்தவர்களுக்கு ஷம்மரி, ஹர்பி, தோசரி என்ற பெயர்கள் அத்துப்படி. அவை என்ன சொல்கின்றன என்று கேட்டால்தான் முழிப்போம். ஒரே ஒரு பெயரைப் பிரித்துப் பார்த்தால் பிடிபட்டுவிடும். 14ஆம் நூற்றாண்டில் மதுரை வரை வந்துபோன பயணி இப்னு பதூதாவையே எடுத்துக்கொள்வோம்:

அபூ அப்துல்லாஹ் முகம்மது இப்னு அப்துல்லாஹ் அல் லவாத்தி அத் தன்ஜி

படி 1: ஆளைக் கண்டுபிடியுங்கள். 'அபூ' என்றால் தகப்பன். இன்னாரின் தகப்பன் என்று மரியாதையாக அழைப்பது. 'இப்னு' அல்லது 'பின்' என்றால் மகன், 'பின்த்' என்றால் மகள். ஆக, இவர் பெயர் முகம்மது, அப்பா அப்துல்லாஹ். நம்ம இனிஷியல் கதைதான். என்ன, அவர்கள் பின்னால் போடுகிறார்கள், தாத்தா, கொள்ளுத்தாத்தா வரைக்கும் நீட்டுகிறார்கள்.

படி 2: 'இ' என்று முடியும் சொல்லைப் பிடியுங்கள். இதற்கு நிஸ்பா என்று பெயர். ஷம்மர் குலத்தவர் ஷம்மரி, ஹர்ப் குலத்தவர் ஹர்பி. சில பெயர்கள் வழியில் உருமாறும்: குறைஷ் குறஷி ஆகும், தவாசிர் தோசரி ஆகும். கொடைக்குப் பேர்போன ஹாத்திம் தாயீயின் 'தாயீ'யும் தய் என்ற குலத்திலிருந்து வந்ததுதான்.

படி 3: இங்கேதான் பலரும் சறுக்குவார்கள். 'இ' வந்தாலே குலம் என்று முடிவு கட்டாதீர்கள். லவாத்தா ஒரு குலம். அதுவும் அரபுக் குலம் இல்லை, வட ஆப்பிரிக்காவின் பெர்பர் குலம். தன்ஜா என்பது மொரோக்கோவில் அவர் 1304இல் பிறந்த ஊர். ஒரே பெயரில் குலம் ஒன்று, ஊர் ஒன்று. ஹத்தாத் (கொல்லர்), நஜ்ஜார் (தச்சர்) போன்றவை தொழிற்பெயர்கள்; அவற்றுக்கு 'இ'யும் கிடையாது.

படி 4: 'அல்' வேறு, 'ஆல்' வேறு. அல் வெறும் சுட்டு, ஆங்கிலத்தின் 'the' மாதிரி. சில எழுத்துகளுக்கு முன்னால் அத், அஷ் என்று ஒலி மாறும். மேலே 'அத் தன்ஜி' ஆனது அப்படித்தான். ஆல் என்றால் குடும்பம், வம்சம். அபுதாபியின் ஆல் நஹ்யான், துபாயின் ஆல் மக்தூம் இரண்டுமே பனீ யாஸ் என்ற ஒரே குலக் கூட்டத்தின் கிளைகள். கத்தாரின் ஆல் தானி, தமீம் குலத்து வம்சம். அரபு எழுத்தில் அல் அடுத்த சொல்லோடு ஒட்டிக்கொள்ளும், ஆல் தனியே நிற்கும். ஆங்கில எழுத்தில் இரண்டையும் ஒரே மாதிரி எழுதித் தொலைப்பதால்தான் குழப்பம்.

படி 5: குலப்பெயர் இருந்தால் அந்த ரத்தம் என்று அர்த்தமில்லை. ஹதீஸ் (நபிமொழி) தொகுத்த இமாம் புகாரியின் பெயரில் அல் ஜுஃபி என்றும் வரும். ஜுஃபி, ஏமன் வழி அரபுக் குலம். புகாரியோ மத்திய ஆசியாவின் புகாராக்காரர். அவருடைய முப்பாட்டனார் ஜுஃபி குலத்தவர் ஒருவரின் கையில் இஸ்லாத்தை ஏற்றார். அந்த உறவில் குலப்பெயர் குடும்பத்தோடு ஒட்டிக்கொண்டது. அந்தக் காலத்தில் இது சகஜம்.

சரி, பயிற்சிக்கு ஒன்று: அப்துர் ரஹ்மான் இப்னு முகம்மது இப்னு கல்தூன் அல் ஹள்ரமி. 1332இல் இவர் பிறந்த ஊர் துனிஸ். அப்புறம் ஹள்ரமி எங்கிருந்து வந்தது? ஏமன் வரைபடத்தை விரித்துத் தேடிப் பாருங்கள்.