கத்தி எங்கிருந்து வந்தது?

சேலம் அஸ்தம்பட்டி கோர்ட்டில் 28 வருஷமாக வக்கீல் குமாஸ்தா நான். கொலைக் கேஸ் என்று வருகிற வீட்டார் முதலில் சொல்வது, "தற்காப்புக்குத்தாங்க வெட்டினான்". டீ வருவதற்குள், "திடீர்னு சண்டை வந்துடுச்சுங்க". இரண்டும் ஒன்றென்று நினைப்பு. தற்காப்பு நின்றால் விடுதலை. திடீர்ச் சண்டை நின்றால் தண்டனைதான் குறையும். முதல் நாளே இதைப் பிரித்துக்கொள்ளுங்கள்.

2024 ஜூலை 1-க்குப் பிந்தைய சம்பவம் என்றால் புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதா. அதில் தற்காப்பு 34 முதல் 44 வரையுள்ள பிரிவுகள். இந்த மாதிரி அடிதடியில் எதிராளி செத்திருந்தால், நம் ஆளுக்கு உயிர் போகும், இல்லை கொடுங்காயம் ஆகும் என்ற நியாயமான பயம் இருந்திருக்க வேண்டும். எதிராளி ஓடிவிட்டான், விழுந்துவிட்டான் என்றால் உரிமையும் அதோடு சரி. நல்லெண்ணத்தோடு அளவு மீறியிருந்தால், கொலை எது என்று சொல்லும் பிரிவு 101-இன் இரண்டாம் விதிவிலக்கு; விடுதலை இல்லை, தண்டனைதான் குறையும்.

திடீர்ச் சண்டை அதே 101-இல் நான்காவது விதிவிலக்கு. முன்திட்டம் கூடாது, சண்டை திடீரென்று மூள வேண்டும், ஆத்திர வேகத்தில் நடக்க வேண்டும், கொடூரமாகவோ எதிராளியின் பலவீனத்தைப் பயன்படுத்தியோ தாக்கியிருக்கக் கூடாது. யார் முதலில் கை ஓங்கினார் என்பது இங்கே பொருட்டில்லை. பலர் வெட்டுகளைத்தான் எண்ணுகிறார்கள். காயங்களின் எண்ணிக்கை மட்டும் முடிவு செய்யாது என்று 1989-இலேயே சுப்ரீம் கோர்ட் சுரிந்தர் குமார் வழக்கில் சொல்லிவிட்டது.

நான் முதலில் கேட்பது வேறு: கத்தி எங்கிருந்து வந்தது?

பழைய சட்டக் காலத்தில் ஏற்காட்டுக் காப்பித் தோட்டத்துக் கேஸ் ஒன்று. கவாத்து (செடியின் கிளைகளைக் கழிக்கும் வேலை) சமயம், எந்த வரிசை யாருக்கு என்று தகராறு. எங்கள் கட்சிக்காரப் பையன் லைன் வீட்டுக்கு (தோட்டத் தொழிலாளர் குடியிருப்பு) போய்க் கத்தி எடுத்து வந்தான் என்றது போலீஸ். அப்படியானால் முன்திட்டம். சீனியர் என்னை மேலே அனுப்பினார். கவாத்து நாளில் கத்தி எல்லார் இடுப்பிலும்தான் இருக்கும்! மேஸ்திரியே குறுக்கு விசாரணையில் அதை ஒப்புக்கொண்டார். கொலைக்கான 302 போய், தண்டனை குறைந்த 304 ஆனது.

அடுத்து, உங்கள் ஆளின் காயம். ஆஸ்பத்திரி ஏ.ஆர். (காயத்தைப் பதியும் விபத்துப் பதிவேடு) காப்பியை உடனே கேட்டு வாங்குங்கள். அதே சமயத்தில் பட்ட பெரிய காயத்துக்கு அரசுத் தரப்பு விளக்கம் தராவிட்டால் அவர்கள் கதை ஆட்டம் காணும். 1976-இல் லட்சுமி சிங் வழக்கு அதைத்தான் சொல்கிறது. சிராய்ப்பெல்லாம் எடுபடாது. தற்காப்பை நிரூபிக்கிற சுமை நம்முடையது, புதிய சாட்சியச் சட்டம் பிரிவு 108. ஆனால் சந்தேகமறக் காட்ட வேண்டாம், நடந்திருக்கக்கூடியது என்று காட்டினால் போதும்.

சாட்சியம் பற்றி ஜட்ஜ் நம் ஆளிடம் கேள்வி கேட்கும்போது (குற்ற நடைமுறைச் சட்டத்தில் முன்பு பிரிவு 313, இப்போது புதியதில் 351), "நான் அங்கேயே இல்லை" என்று சொல்லித் தொலைக்காதீர்கள். இல்லாதவனுக்கு என்ன தற்காப்பு? சாட்சியத்தில் ஆதாரம் இருந்தால், நாம் வாய்விட்டுக் கேட்காவிட்டாலும் கோர்ட் பரிசீலிக்கலாம்தான். அந்த நம்பிக்கையில் போகாதீர்கள்.

சம்பவத்தன்று போட்டிருந்த துணியைத் துவைக்கவே வேண்டாம், அப்படியே எடுத்து வைத்து வக்கீலிடம் சொல்லுங்கள். அந்த ஏற்காட்டுப் பையனின் கழுத்துப்பட்டை கிழிந்த சட்டையை அவன் அம்மா சோப்புப் போட்டுத் துவைத்து, கிழிசலையும் தைத்து வைத்திருந்தார்.